மீட்டரில் ஒரு சிவப்பு முடிச்சு

பேருந்தில் முன் இருக்கைக்காரரின் காலரில் நூல் நீட்டிக்கொண்டிருந்தால் தையல்கார அம்மாவின் கை சும்மா இருக்காது. இடது கையால் துணியை அழுத்தி, வலது விரலில் நூலைச் சுற்றி, சட்டென்று ஓர் இழுப்பு. திரும்பி முறைக்கிறவரிடம், "விட்டா பிரிஞ்சுக்கிட்டே போகும்பா, அதான்" என்பார். மின்துறையின் மேல்முறையீட்டு அலுவலகத்தில், காத்திருந்த நேரத்தில், எழுத்தர் மேசையில் அவிழ்ந்து கிடந்த கோப்புகளின் நாடாக்களை எல்லாம் இறுக்கிக் கட்டிவைத்தார். எழுத்தர் தலையில் கைவைத்துக்கொண்டார்: "அதுல பாதி இன்னும் பாக்கவே இல்லம்மா!"

ஐம்பத்தைந்து வயது. வீட்டின் முன்னறைதான் கடை. வாயில் எந்நேரமும் இரண்டு குண்டூசி இருப்பதால் பாதிப் பேச்சு உதட்டோரமாகத்தான் வரும். தைத்து மிஞ்சிய துணியை, உள்ளங்கை அளவு துண்டானாலும், மடித்துத் திருப்பித் தந்துவிடுவார்.

அந்தக் கைதான் அவரை வம்பில் மாட்டியது. சுவரிலிருந்த மின்மீட்டரை யாரும் திறக்காதபடி துறை போட்டிருந்த சீல் கம்பி மழைநீர் ஒழுகித் துருவேறி அறுந்து தொங்கியது. மின்துறைக்குச் சொல்ல வேண்டும் என்று அவருக்குத் தோன்றவே இல்லை. பித்தான் தைத்துக்கொண்டிருந்த சிவப்பு நூலை இரட்டையாக முறுக்கி, இரண்டு முனைகளையும் சேர்த்துக் கட்டினார். ஆறு மாதம் கழித்துச் சோதனைக்கு வந்தவர் டார்ச் அடித்துப் பார்த்தார்.

"யாரும்மா இதைக் கட்டினது?"

"நான்தான் தம்பி. அறுந்து தொங்குச்சு. பாக்கச் சகிக்கல."

அவ்வளவுதான், அது வாக்குமூலமாகிவிட்டது. மீட்டரில் கைவைத்து மின்சாரம் திருடியதாக நோட்டீஸ் வந்தது. பின்னாலேயே அபராதம் வந்தது. கட்ட மறுத்ததும் இணைப்பைத் துண்டித்தார்கள். நூலைக் கட்டியது யார் என்று கேட்டவர்கள், கம்பி எப்படி அறுந்தது என்று கேட்கவில்லை. திருடுகிறவர் சிவப்பு நூலில் முடிச்சுப் போட்டு விளம்பரம் செய்வாரா என்று யோசிக்க எத்தனை வகுப்பு படித்திருக்க வேண்டும்? கழற்றிக்கொண்டு போன மீட்டரைத் துறையின் ஆய்வுக்கூடமே சோதித்து, அது சற்று வேகமாகவே ஓடுகிறது என்று எழுதியிருக்கிறது. எரிக்காத மின்சாரத்தையும் எரித்ததாகக் கணக்கிட்ட மீட்டர்! அந்த அறிக்கை கோப்பின் பதினேழாம் பக்கத்தில் இருக்கிறது. படிக்கிறவர்கள் பதினாறோடு நிறுத்திக்கொள்கிறார்கள்.

பதினான்கு மாதமாக வீட்டில் மின்சாரம் இல்லை. தையல் மெஷினின் மோட்டாரைக் கழற்றிவிட்டுக் காலால் மிதிக்கிறார். முழங்கால் வீங்கியிருக்கிறது. மெஷினை ஜன்னலடிக்கு நகர்த்தியாயிற்று. மேகம் மூடினால் கறுப்புத் துணியை எடுத்துவைத்துவிட்டு வெள்ளைத் துணிக்கு மாறிக்கொள்வார்.

காவலாளி வேலை பார்க்கும் கணவருக்குப் பொறுமை தீர்ந்துவிட்டது. சமரச மனுவில் கையெழுத்திட்டால் அபராதத்தில் பாதி தள்ளுபடி.

"போட்டுத் தொலையேன். உன் வீம்புல ஃபேன் சுத்துமா?"

"சுத்தாது. ஆனா திருடின்னு எழுதிக் குடுத்துட்டு உக்காந்தா, எவ என்னை நம்பி நாலு மீட்டர் துணியைக் குடுத்துட்டுப் போவா?"

"ஊரே மறந்துரும்டி."

"நான் மறக்கணுமே."

போன வாரம் மேல்முறையீட்டு அலுவலகத்தில் விசாரணை. அதிகாரி கெட்டவர் இல்லை, அவசரக்காரர். மனுவை அவரே தட்டச்சு செய்து வைத்திருந்தார். "ஒரே ஒரு கையெழுத்தும்மா. சாயங்காலமே கரண்ட் வந்துரும்." கணவர் பேனாவை மனைவியின் கையில் திணித்தார்.

"கொஞ்சம் சத்தமாப் படிச்சுக் காட்டுங்க சார். வாசல்ல உக்காந்திருக்கிறவங்களுக்கும் கேக்கட்டும்."

பெயர், முகவரி, இணைப்பு எண் வரை அதிகாரியின் குரல் கணீரென்று இருந்தது. 'மின்சாரத்தைத் திருடியதை ஒப்புக்கொண்டு' என்ற இடத்தில் தாழ்ந்தது.

"அது சரியாக் கேக்கல சார்."

அவர் மறுபடி படிக்கவில்லை. தையல்கார அம்மா பேனாவை மூடி, தாளின்மேல் வைத்து, அவர் பக்கம் நகர்த்தினார். அதிகாரி வாசலைப் பார்த்து அடுத்தவரைக் கூப்பிட்டார். கணவர் எழுந்துவிட்டார்.

தையல்கார அம்மா எழவில்லை. நாற்காலியை மேசைக்கு இன்னும் நெருக்கமாக இழுத்துப் போட்டுக்கொண்டார்.