சமயநல்லூர்க் கொட்டகையில் மலையேறாத சாமி

மலையாளப் படம் பார்க்க எவனாவது மதுரையிலிருந்து சமயநல்லூருக்குப் போவானா என்று சிரிக்காதீர்கள். போன தை மாதம் நானும் என் மனைவி பாருக்குட்டியும் போனோம். அவள் பாலக்காட்டுப் பக்கம். அவளுடைய அப்பா அங்கே பகவதி கோயில் வெளிச்சப்பாடு. நம்ம ஊர்ச் சாமியாடி மாதிரி. மழைக்காலத்தில் அவர் இறந்தபோது சண்டைக்குப் போகிற பட்டாளத்துக்கே ரயில் சரியாக இருந்தது. நாங்கள் போய்ச் சேர்வதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது. கடைசியாக அப்பா காலைத் தொட்டுக் கும்பிடவில்லையே என்று அவள் அழுத அழுகை எனக்குத்தான் தெரியும்.

அவர் சாவதற்கு முன்னால் சினிமாக்காரர்கள் வந்து கோயில் திருவிழாவைப் படம் பிடித்துக்கொண்டு போனார்களாம். அந்தப் படம் சமயநல்லூர் டென்ட் கொட்டகையில் ஓடுகிறது என்று கேள்விப்பட்டதும், "ஏங்க, ஒரு தடவை அச்சனைப் பாத்துட்டு வந்துரலாம்" என்றாள். அப்பாவை அவள் அச்சன் என்றுதான் சொல்வாள். மாட்டேன் என்று எப்படிச் சொல்வது?

கோச்சடையிலிருந்து ஜங்ஷனுக்குக் குதிரை வண்டி எட்டணா. பகல் கொள்ளை. அங்கிருந்து பாசஞ்சரில் இரண்டணா. ஏழெட்டு மைல்தான், ஆனால் பட்டாள வண்டிக்கு வழிவிட்டு நின்று நின்று, இறங்கும்போது வெயில் சாய்ந்துவிட்டது. ஸ்டேஷனிலிருந்து அரை மைல் நடை. கொட்டகைக்காரர் சோலை வாசலிலேயே நின்றார். "புதுப் படத்துக்கு எங்கண்ணே போக? பிலிமே கெடைக்கல. இது ஒருத்தருக்கும் புரியல, ஆனா கூட்டம் அம்புட்டு வருது" என்றார்.

படத்தைப் பற்றி உள்ளதைச் சொல்லிவிடுகிறேன். பேச்சு மட்டும்தான் மலையாளம். ராஜபார்ட் நடை நம்ம நாடகக் கம்பெனி நடை, பாட்டு முழுக்க நமக்குத் தெரிந்த மெட்டு. பாருக்குட்டியே கொட்டாவி விட்டாள். பிறகு திருவிழா வந்தது. சிவப்புப் பட்டும் இடுப்பில் சலங்கையும் வளைந்த வாளுமாக, தலைமுடியை விரித்துப் போட்டுக்கொண்டு என் மாமனார் வந்தார். அது நடிப்பில்லை. அவர் மேல் சாமி வந்திருந்தது. பாருக்குட்டி என் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள்.

அதே நேரம் முன்னால் மணலில் உட்கார்ந்திருந்த ஓர் ஆள் எழுந்து ஆடினார். அந்த ஊர்க் கருப்பசாமிக்குச் சாமியாடுகிற பெரியகருப்பன். பெண்கள் குலவை போட்டார்கள். திரையில் மாமனார் வாளைத் தலைக்கு மேல் தூக்கினார். அதோடு படம் நின்று வெள்ளைத் துணிதான் தெரிந்தது. கடைசி ரீல் இல்லை! போன வாரம் மேலூரில் ஓடியபோது அங்கேயே விட்டுவிட்டார்களாம். "புரியாத படந்தானே, முடிவு இல்லாட்டி யாருக்குத் தெரியப் போவுதுன்னு ஓட்டிட்டேண்ணே" என்றார் சோலை. அடப்பாவி மனுஷா!

அன்றிரவு சோலை வீட்டில் தங்கினோம். விடிந்து போய்ப் பார்த்தால் பெரியகருப்பன் கொட்டகை வாசலில் இன்னும் ஆடிக்கொண்டிருந்தார். கண் செருகியிருந்தது. விபூதி போட்டார்கள், மலையேறச் சொல்லிக் கெஞ்சினார்கள். சாமி மலையேறவில்லை. "பெரிய சாமி திரைக்குள்ள நிக்குது. அது மலையேறாம இது எப்பிடி ஏறும்?" என்றார் பூசாரி. திரையில் ஆடியவர் என் மாமனார் என்று தெரிந்து பெரியகருப்பனின் மனைவி மூக்காயி என் காலில் விழப் போனாள். "ஒரு சொட்டுத் தண்ணி எறங்கலண்ணே. இன்னைக்குப் பொழுதைத் தாண்ட மாட்டாரு." சோலைக்குக் கொட்டகையை விட்டு நகரப் பயம். மாமனார் மலையேறுகிற இடம் கடைசி ரீலில் இருக்கும் என்று மேலூருக்கு நான்தான் கிளம்பினேன். பாருக்குட்டி மூக்காயியோடு இருந்துகொண்டாள்.

மதுரை போய் மேலூர் பஸ் பிடித்தேன். பதினெட்டு மைல், ஆறணா. பெட்ரோல் கிடைக்காமல் கரி எரித்து ஓடுகிற பஸ் என்பதால் ஏற்றத்தில் இறங்கித் தள்ளுகிற புண்ணியமும் உண்டு. ரீல் பெட்டியை வாங்கி மடியில் வைத்துக்கொண்டு திரும்பினேன். உச்சி வெயில், வெறும் வயல், வழியில் ஒரு ஆடு மாடு கூட இல்லை. வண்டி குலுங்கும்போதெல்லாம் பெட்டிக்குள் 'ஜல்' என்றது. கண்டக்டர் திரும்பிப் பார்த்தார். "என்ன மாப்ள, சலங்கையா கொண்டு போறீக?" திறந்து காட்டினேன். இறுக்கிச் சுற்றிய பிலிம்தான் இருந்தது. அவர் அப்புறம் என் பக்கமே வரவில்லை. நான் பெட்டியை மூடி மேலே துண்டைப் போட்டேன்.

பொழுது சாய்ந்ததும் ரீலை ஓட்டினார்கள். ஊரே திரண்டு வந்திருந்தது. கல்யாணம் நடந்தது, கோமாளி வழுக்கி விழுந்தான், சுபம் போட்டுவிட்டார்கள். என் மாமனார் அதில் இல்லவே இல்லை. வேடிக்கைக்கு ஒரு சாமியைக் கூப்பிட்டு ஆடவிட்டுப் படம் பிடித்தவர்கள், அதை அனுப்பி வைக்கிற இடத்தைத் தேவையில்லை என்று விட்டுவிட்டார்கள். மூக்காயி மாரில் அடித்துக்கொண்டாள்.

"நேத்து ரீலைப் போடுங்க" என்று எழுந்தாள் பாருக்குட்டி. மூக்காயி கையிலிருந்த விபூதியை வாங்கிக்கொண்டு நேரே திரைக்குப் போனாள். மாமனார் மறுபடியும் சலங்கை குலுங்க வந்து ஆடினார். நெற்றியில் பூசத்தான் போனாள். அவர் நெற்றி மேலே மூங்கில் உயரத்தில் இருந்தது, எட்டவில்லை. எட்டியது கால்தான். இரண்டு கையாலும் காலில் பூசி, "அச்சா, மதி. போய்க்கோளூ" என்றாள். போதும், போய் வாருங்கள் என்று அர்த்தம்.

சலங்கைச் சத்தம் நின்றது. படம் நிற்கவில்லை, அவர் சத்தமில்லாமல் ஆடிக்கொண்டிருந்தார். மிஷினில் ஒரு கோளாறும் இல்லை என்று சோலை இன்னும் சத்தியம் செய்கிறார். பின்னால் பெரியகருப்பன் மணலில் விழுந்து "தண்ணி" என்றார். மூக்காயி ஓவென்று அழுதுகொண்டே சொம்பை நீட்டினாள்.

போகிறவர்களுக்கு: மாலை பாசஞ்சரை நம்பாதீர்கள், மத்தியானமே கிளம்புங்கள். கொட்டகையில் பனி இறங்கும், போர்வை அவசியம். கடைசி ரீல் இருக்கிறதா என்று கேட்டுவிட்டு டிக்கெட் வாங்குங்கள். திரையின் அடியில் விபூதிக் கறை இருக்கும். சோலை துடைக்க விடுவதில்லை. எந்தப் படம் ஓடினாலும் அதில் வருகிறவர்கள் எல்லோரும் அந்தக் கறை மேல்தான் நடந்து போகிறார்கள். மறுநாள் காலை நானும் அந்த இடத்தைத் தொட்டுப் பார்த்தேன். துணி பனியில் நனைந்து ஜில்லென்று இருந்தது.

ஊர் திரும்பும்போது பாருக்குட்டியிடம் அதைச் சொன்னேன். அவள் ரயில் ஜன்னல் பக்கமே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"இல்லைங்க," என்றாள். "அச்சன் காலு நல்ல சூடா இருந்துச்சு."