கரும்பலகையில் வரைந்த காயலுக்கு ஒரு நாள்

காலை 5.40. ஒரத்தநாடு பேருந்து நிலையத்தில் பட்டுக்கோட்டை வண்டி கிளம்பியபோது தை மாதப் பனி இன்னும் விலகவில்லை. கடைசி இருக்கைக்கு முன்னால் நாங்கள் மூன்று பேர்: நான், என் அம்மா மாரியம்மாள், அம்மாவோடு பதினைந்து வருடமாக ஒரே நடவுக் குழுவில் இருக்கும் ராசாத்தி அத்தை. அறுவடை முடிந்துவிட்டதால் இருவருக்கும் வேலை இல்லை. புளிச்சோற்றுத் தூக்கை அம்மா மடியில் வைத்திருந்தாள். சுற்றுலாவில் மதியச் சாப்பாடு உண்டு என்று நான் இரண்டு முறை சொல்லியும் அவள் அதை நம்பவில்லை.

நான் அரசுப் பெண்கள் பள்ளி ஒன்றில் சமூக அறிவியல் ஆசிரியை. எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடம் போன முதல் ஆள். இதை யாரும் கேட்காமலே சொல்லிவிடும் பழக்கம் எனக்கு உண்டு. மூன்று வருடமாக ஒன்பதாம் வகுப்புக் கரும்பலகையில் காவிரிப் படுகையை வரைகிறேன். கிளையாறுகள் எல்லாம் வெள்ளைக் கோடு. தெற்கு ஓரத்தில் நீலச் சாக்பீஸால் ஒரு நீள்வட்டம், அது முத்துப்பேட்டைக் காயல். போன மாதம் ஒரு மாணவி எழுந்து, "மிஸ், அங்க தண்ணி என்ன கலர்ல இருக்கும்?" என்று கேட்டாள். நீலம் என்றேன். என் கையில் இருந்த சாக்பீஸ் நீலம், அவ்வளவுதான். நான் அந்தக் காயலைப் பார்த்ததே இல்லை.

அன்று மாலையே தலைமையாசிரியையிடம் போய், நாற்பது மாணவிகளையும் அங்கே அழைத்துப் போகலாமா என்று கேட்டேன். "நீங்க மொதல்ல ஒரு தடவ போய்ப் பாருங்க திலகா. பொம்பளப் புள்ளைங்க, படகு, தண்ணி. பத்திரம்னு நீங்க எழுதிக் குடுத்தா நான் கையெழுத்துப் போடுறேன்" என்றார். திங்கட்கிழமைக்குள் முடிவு சொல்ல வேண்டும். இந்தப் பயணம் அதற்காகத்தான்.

காலை 6.45. பட்டுக்கோட்டையிலிருந்து வேன். ஆளுக்கு எண்ணூற்று ஐம்பது ரூபாய். படகு, அனுமதிச் சீட்டு, மீன்குழம்புச் சாப்பாடு எல்லாம் அதற்குள். வழிகாட்டி இஸ்மாயிலுக்கு முப்பது வயது இருக்கும், முத்துப்பேட்டைக்காரர். எங்களைத் தவிர ஒரு தம்பதி வந்திருந்தார்கள். கூத்தாநல்லூர் சாகுல், குவைத்திலிருந்து நாற்பது நாள் விடுப்பில் வந்தவர். வெள்ளை வெளேரென்று பேன்ட் போட்டிருந்தார். அவர் மனைவி நூர்ஜகான் வீட்டிலிருந்து ஒரு நாளாவது தப்பித்த சந்தோஷத்தில் சன்னலை விட்டு முகத்தைத் திருப்பவே இல்லை.

காலை 8.00. மனோரா. பட்டுக்கோட்டையிலிருந்து சுமார் இருபது கிலோமீட்டர், கடலோரம். அகழி, மதில், நடுவில் அறுகோணமாக எட்டு அடுக்குக் கட்டடம். எங்கள் ஊரில் மேடு என்றால் ஏரிக்கரை. களத்துமேட்டில் ஏறி நின்றாலே மூன்று ஊர் தெரியும். மலையே இல்லாத நாட்டுக்காரிக்கு இதுதான் மலை. கீழிருந்து அண்ணாந்தபோது எனக்குக் கழுத்து வலித்தது. காரை உதிர்ந்த இடங்களில் செங்கல் தெரிந்தது. மாடங்களில் புறாக்கள் இருந்தன.

ஐரோப்பாவில் நெப்போலியனை ஆங்கிலேயர் வென்றதைக் கொண்டாட அன்றைய தஞ்சை மன்னர் கட்டியது என்று இஸ்மாயில் விளக்கினார். அம்மா கவனமாகக் கேட்டுக்கொண்டிருந்தாள்.

"சண்டையில ஜெயிச்சது நம்ம ராஜாவா தம்பி?"

"இல்லம்மா. வெள்ளைக்காரன்."

"யார ஜெயிச்சான்?"

"இன்னொரு வெள்ளைக்காரன."

"அவன் ரெண்டு பேரும் அடிச்சிக்கிட்டதுக்கு நம்ம செங்கல்லா?"

சாகுல் சிரித்த சிரிப்பில் புறாக்கள் கலைந்தன. நான் மூன்று வருடமாகப் பாடம் எடுக்கிறேன். ஒரு மாணவி கூட இந்தக் கேள்வியைக் கேட்டதில்லை, எனக்கும் தோன்றியதில்லை. குறிப்பேட்டில் எழுதிக்கொண்டேன். முதல் மேல்தளம் வரைதான் அன்று ஏற முடிந்தது. அங்கிருந்து பார்த்தால் ஒரு பக்கம் தென்னை, மறுபக்கம் அலையே இல்லாத சோம்பேறிக் கடல்.

காலை 10.30. கிழக்குக் கடற்கரைச் சாலையில் சுமார் முப்பத்தைந்து கிலோமீட்டர் வந்து, முத்துப்பேட்டையைத் தாண்டி, ஜாம்பவானோடை படகுத்துறை. ஆளுக்கொரு ஆரஞ்சு நிற மிதவைச் சட்டை கொடுத்தார்கள். அம்மாவின் வாரை இறுக்கிவிட்டேன்.

"ஏண்டி மாரி, பூச்சிமருந்து அடிக்க வந்த ஆளு மாதிரி இருக்க" என்றாள் ராசாத்தி அத்தை.

"நீ மட்டும் என்ன, மூட்டை கட்டி வச்ச நெல்லு மாதிரி இருக்க."

படகுக்காரர் முனியாண்டி அதிகம் பேசாதவர். மோட்டாரை முடுக்கினார். கோரையாற்றில் தெற்கே போனோம். இரு கரையிலும் தொடக்கத்தில் கருவேலம், பிறகு கொஞ்சம் கொஞ்சமாக அலையாத்தி மரங்கள். கால் மணி நேரம் ஆகியிருக்கும். அம்மா சட்டென்று எழுந்து நின்றாள்.

"தம்பி, தண்ணி வடக்கால போவுது பாரு!"

பார்த்தோம். ஒரு காய்ந்த ஓலை எங்களுக்கு எதிராக, கடல் பக்கமிருந்து ஊர் பக்கம் மிதந்து வந்துகொண்டிருந்தது.

"எவனோ கீழ ஷட்டர எறக்கிட்டான். தண்ணி எதுத்துக்கிட்டு வருது. மேல உள்ளவன் வயலு மூழ்கிடாதா? யாருகிட்ட சொல்லணும் இத?" அம்மாவின் குரலில் உண்மையான கோபம் இருந்தது. எங்கள் வாய்க்காலில் ஷட்டர் விஷயமாக அவள் இரண்டு முறை பொதுப்பணித்துறை அலுவலக வாசலில் உட்கார்ந்தவள்.

இஸ்மாயில் சிரிப்பை அடக்கிக்கொண்டார். "கீழ ஷட்டர்லாம் இல்லம்மா. கடலு ஏறுது. மத்தியானம் தானா எறங்கிடும்."

"தெனமுமா?"

"தெனம் ரெண்டு தடவ."

"ஆளே இல்லாம?"

ஆளே இல்லாமல் தண்ணீர் ஏறி இறங்கும் என்பது அம்மாவுக்கு வெகுநேரம் செரிக்கவில்லை. அதன் பிறகு அவள் காட்டைப் பார்க்கவில்லை. தண்ணீரை மட்டுமே பார்த்துக்கொண்டு வந்தாள். எனக்குக் கொஞ்சம் வெட்கமாக இருந்தது என்பதையும் சொல்லிவிடுகிறேன். "ஓதம்மா அது, கடலோட ஏத்த எறக்கம்" என்று விளக்கத் தொடங்கினேன். அவள் கேட்கவில்லை.

காலை 11.30. காட்டுக்குள் மர நடைபாதை போட்ட ஒரு தீவில் இறங்கினோம். சேற்றிலிருந்து விரல் உயரத்தில் ஆயிரக்கணக்கான மூச்சுவேர்கள் குத்திட்டு நின்றன. ராசாத்தி அத்தை அதை நாற்றங்கால் என்றே முடிவு செய்துவிட்டாள். இலையைப் பறிக்கக் கூடாது, நாக்கால் தொட்டுப் பார்க்கலாம் என்றார் இஸ்மாயில். தொட்டேன், உப்பு. வேரில் ஏறும் உப்பை மரம் இலை வழியாக வெளியே தள்ளுகிறது என்று நான் பாடத்தில் சொல்லியிருக்கிறேன். சொல்லும்போது என் நாக்கில் உப்பு இருந்ததில்லை.

பகல் 12.15. ஆறு முடிந்தது. கரைகள் இரண்டும் விலகிப் போயின. காயல்!

நீலம் இல்லை. பால் குறைவாக ஊற்றிய டீயின் நிறம். எங்கள் வாய்க்கால்களின் வண்டல் எல்லாம் அதில்தான் கரைந்திருந்தது. தூரத்தில் ஒரு வெள்ளைக் கோடு. கிட்டே போனபோது அது பூநாரைக் கூட்டம். சில ஒற்றைக் காலில் நிற்க, மற்றவை எங்களைப் பொருட்படுத்தாமல் சேற்றைச் சல்லடை போட்டுக்கொண்டிருந்தன. நூர்ஜகான், "மச்சான், போட்டோ எடுங்க, சத்தம் போடாதீங்க" என்றாள். சாகுல் குவைத்தில் இதைவிடப் பெரிய கூட்டம் பார்த்திருப்பதாகச் சொன்னார். "அப்ப அங்கயே இருந்திருக்க வேண்டியதுதான" என்று பதில் வந்தது.

நடுவில் ஒரு சிறு தீவில் படகு நின்றது. நான் குறிப்பேட்டை எடுத்தேன். நாற்பது மாணவிகள் எங்கே நிற்பார்கள், நிழல் எங்கே, எத்தனை அடி நீளம் என்று காலடியால் அளந்து வரைந்தேன். பன்னிரண்டே முக்காலுக்கு முனியாண்டி கிளம்பலாம் என்றார். இஸ்மாயிலும், "டீச்சர், தண்ணி எறங்க ஆரம்பிச்சிடும்" என்றார்.

நான் கைப்பேசியைக் காட்டினேன். முதல் நாளே ஓத அட்டவணையைப் பார்த்து வைத்திருந்தேன். "இன்னும் ஐம்பது நிமிஷம் ஏறும். பாருங்க, போட்டிருக்கு."

இஸ்மாயில் பார்த்தார். "டீச்சர் சொன்னா சரியாத்தான் இருக்கும்" என்று முனியாண்டியை இருக்கச் சொல்லிக் கைகாட்டினார்.

அரை மணி நேரம் போனது. அம்மா கரையோரம் குந்தி உட்கார்ந்திருந்தாள். "பாப்பா, வேருல ஈரம் பாரு. ஒரு சாண் எறங்கிருக்கு" என்றாள்.

"சும்மா இரும்மா. அட்டவணையில இருக்கு."

பகல் 1.20. தீவை விட்டு இருநூறு மீட்டர் வந்திருப்போம். படகின் அடியில் ஏதோ உரசியது. மோட்டார் சேற்றைக் கக்கியது. முனியாண்டி அணைத்துவிட்டார். நின்றுவிட்டோம்.

கைப்பேசியை மறுபடி எடுத்தேன். நான் பார்த்திருந்தது ஞாயிற்றுக்கிழமை வரிசை. இன்று சனி. ஒரு வரி கீழே பார்த்துவிட்டேன். தேர்வுத்தாளில் இதே தவறைச் செய்யும் பிள்ளைகளுக்கு நான் சிவப்பு மையில் வட்டம் போடுவேன்.

இஸ்மாயிலும் முனியாண்டியும் இறங்கிப் பின்னாலிருந்து தள்ளினார்கள். தண்ணீர் முழங்காலுக்குக் கொஞ்சம் மேலே, அதற்குக் கீழே சேறு. தள்ளத் தள்ளப் படகின் மூக்கு சேற்றில் குத்தியது. நீரோட்டம் உள்ள ஆழமான தடம் முப்பது மீட்டரில் இருந்தது. "யாரும் எறங்காதீங்க, கால் மாட்டிக்கும். தண்ணி ஏறட்டும்" என்றார் முனியாண்டி.

"எப்ப ஏறும்?" என்றாள் நூர்ஜகான்.

"சாயங்காலம் ஏழு ஆவும்."

என் மனதில் நாற்பது ஆரஞ்சுச் சட்டைகள் நடுக்காயலில் வெயிலில் உட்கார்ந்திருந்தன. முடியாது என்று எழுதிக் கொடுத்துவிட வேண்டியதுதான். காரணமாக என்ன எழுதுவது என்று கூட யோசிக்கத் தொடங்கிவிட்டேன். அந்தக் காரணத்தில் நான் இல்லை.

"மாரி, நீ என்ன சொல்ற?" என்றாள் ராசாத்தி அத்தை.

"தள்ளுனா குத்தத்தான் செய்யும். இழுக்கணும்" என்றபடி அம்மா புடவையை முழங்காலுக்கு மேல் இழுத்துச் செருகினாள்.

"அம்மா, சேறு ஆழம்!" என்று இஸ்மாயில் கத்தினார்.

"தம்பி, நாள் பூரா சேத்துல பின்னாலயே போறவங்க நாங்க. கயித்தக் குடு."

நடவு பார்த்தவர்களுக்குத் தெரியும். நாற்று நடுகிறவர்கள் முன்னால் போவதில்லை. குனிந்து நட்டுக்கொண்டே பின்பக்கமாக நகர்வார்கள். கால்விரல்களை ஊன்றி, குதிகாலைச் சேற்றில் பதியவிடாமல், காலைச் சாய்த்து எடுப்பார்கள். அம்மாவும் அத்தையும் கயிற்றைப் பிடித்துப் படகைப் பார்த்தபடி அப்படியே பின்னால் நடந்தார்கள். இரண்டு ஆள் பாரம் குறைந்ததில் படகு கொஞ்சம் எழும்பியது. அடுத்து நூர்ஜகான் இறங்கினாள். கடைசியாக, பேன்டைப் பார்த்துப் பெருமூச்சு விட்டுவிட்டுச் சாகுல். படகில் நான் மட்டும்.

"நீ எறங்காத!" என்றாள் அம்மா. சின்ன வயதிலிருந்து வரப்போடு என்னை நிறுத்திய அதே குரல். வயலில் கால் வைத்தால் காலை ஒடித்துவிடுவேன், போய்ப் படி என்பாள். இருபத்தேழு வயதில் எனக்குச் சேற்றில் நிற்கத் தெரியாது என்பது அப்படித்தான் நேர்ந்தது.

இறங்கினேன். இரண்டாவது அடியில் ஒரு செருப்பு போனது, மூன்றாவது அடியில் உட்கார்ந்துவிட்டேன்.

"படிச்ச காலுல்ல அது. சேத்துக்கே பாடம் நடத்துது பாரு!" என்றாள் ராசாத்தி அத்தை. எல்லாரும் சிரித்தார்கள். எனக்கும் சிரிப்பு வந்துவிட்டது, வாயில் உப்புச் சேறு. எழுந்து சாகுலுக்குப் பின்னால் கயிற்றைப் பிடித்துக்கொண்டேன். அத்தை "ஏ... எட்டு வை, ஏ... இழுத்து வை" என்று குரல் கொடுத்தாள். முப்பது மீட்டருக்கு அரை மணி நேரம் ஆனது. தடத்துக்கு வந்ததும் படகு லேசாகத் தலையசைத்து மிதந்தது.

மாலை 3.15. படகுத்துறையில் மீன்குழம்பு ஆறிப்போயிருந்தது. அம்மாவின் புளிச்சோற்றை ஏழு பேரும் பங்குபோட்டுக்கொண்டோம். தவறு என்னுடையது என்று இஸ்மாயிலிடம் சொன்னேன். அவர், "அடுத்த தடவ அம்மாகிட்ட கேட்டுட்டுக் கெளம்பலாம் டீச்சர்" என்றார்.

வேன் திரும்பும்போது அம்மா கேட்டாள்: "புள்ளைங்கள கூட்டிட்டு வருவியா?"

"தெரியல. பயமா இருக்கு."

"தண்ணிக்கா, ஹெட்மிஸ்ட்ரஸுக்கா?"

நான் சன்னல் பக்கம் திரும்பினேன். சாலையோர வாய்க்காலில் தண்ணீர், வழக்கம்போல, ஒரே திசையில் போய்க்கொண்டிருந்தது. எங்கள் ஊரில் தண்ணீரை யாராவது ஓர் ஆள் திறப்பார், ஓர் ஆள் மூடுவார். அதனால்தான் நான் எல்லாவற்றையும் ஓர் அட்டவணையில் பார்த்துவிடலாம் என்று நம்பிவிட்டேன் போலும்.

ஞாயிறு முழுக்க அறிக்கை எழுதினேன். காயலின் நிறம் பழுப்பு என்று எழுதினேன். அட்டவணையைத் தவறாகப் படித்ததும் படகு தரைதட்டியதும் என்னால் என்று, அடித்தல் திருத்தல் இல்லாமல், என் நல்ல கையெழுத்தில் எழுதினேன். அழைத்துப் போகலாம் என்றும் எழுதினேன். இரண்டு படகு, தண்ணீர் இறங்கத் தொடங்கும் முன் திரும்பல், எப்போது கிளம்புவது என்பதில் படகுக்காரர் சொல்லே முடிவு.

திங்கட்கிழமை தலைமையாசிரியை நான்கு பக்கத்தையும் நிதானமாகப் படித்தார். படகு தரைதட்டிய பத்தியை இரண்டு முறை படித்தார். என்னை நிமிர்ந்து பார்த்தார். கடைசிப் பக்கத்தில், உடன் வரும் பொறுப்பாளர்கள் என்ற கட்டத்துக்கு வந்தார்.

"மாரியம்மாள், ராசாத்தி. இவங்க எந்த ஸ்கூல் டீச்சர்? தகுதின்னு போட்ட எடத்துல 'நடவு'ன்னு எழுதியிருக்கீங்க?"

"ஆமா மேடம். முப்பது வருஷ சர்வீஸ்" என்றேன்.

அவர் பேனாவைத் திறந்தார்.