ஸ்கேல் வைக்காமல் சேர்த்த புள்ளிகள்

குளியலறைச் சாக்கடை ஓட்டை வழியாக ஏரிச் சேற்றின் வாடை மேலேறி வந்தால், பீர்க்கன்கரணையில் இருப்பவர்களுக்கு வெளியே எட்டிப் பார்க்காமலேயே விஷயம் புரிந்துவிடும். நான் பத்தாம் வகுப்பு படித்த வருடம், மழைக்காகப் பள்ளிக்கு விடுமுறை விட்டிருந்த ஒரு காலையில் அந்த வாடை எங்கள் சமையலறை வரை வந்தது. "ஏரி வழிஞ்சிடுச்சு" என்று மட்டும் சொல்லிவிட்டு அம்மா அடுப்பை அணைத்தாள்.

அப்பா அப்போது பைக்கிலிருந்து விழுந்து, தொடை வரை "மாவுக்கட்டு" போட்டுக் கட்டிலில் கிடந்தார். கனத்த உடம்பு; நானும் அம்மாவும் சேர்ந்தாலும் அசைக்க முடியாது. அவரை மாடிக்குத் தூக்கக்கூடியவர் மேலே குடியிருந்த ஜெரால்டு அண்ணன் ஒருவர்தான். அவரோ தாம்பரத்தில் தனியாக இருந்த தன் தாயாரைப் பார்த்துவரக் கிளம்பிக்கொண்டிருந்தார். அப்பாவுக்கு உதவி கேட்பதென்றாலே வேப்பங்காய். "தண்ணி வர்றப்ப பாத்துக்கலாம், இப்பவே எதுக்கு ஊரைக் கூட்டணும்?" என்றார்.

ஒன்பது மணியிலிருந்து மணிக்கொரு தடவை எதிரே இருந்த விளக்குக் கம்பத்தில் செங்கல் துண்டால் கோடு கிழித்து, தண்ணீர் எத்தனை விரல் ஏறியது என்று சொல்வது என் வேலை. முதலில் ஒரு விரல், அடுத்து இரண்டு, அதற்கடுத்து மூன்று. எங்கள் வாசற்படி முதல் கோட்டிலிருந்து இருபத்தெட்டு விரல் உயரத்தில் இருந்தது. அப்பா என் கிராஃப் நோட்டை வாங்கி, ஒன்பது மணிக்கொரு புள்ளியும் பன்னிரண்டு மணிக்கொரு புள்ளியும் வைத்து, ஸ்கேலால் இழுத்துவிட்டார். "மணிக்கு ரெண்டு விரல். படியைத் தொட ராத்திரி பதினொண்ணு ஆவும். நீ போய்ட்டு வா தம்பி." ஜெரால்டு அண்ணன் மழைக்கோட்டை மாட்டினார்.

அந்த ஸ்கேலைப் பார்த்ததும் நோட்டை என் பக்கம் இழுத்துக்கொண்டேன். "புள்ளியைக் கையால சேர்க்கணும், ஸ்கேல் வெச்ச, மார்க் போச்சு" என்று எங்கள் கணக்கு சார் தினமும் கத்துவார். நடுவில் விட்டுப்போன இரண்டு புள்ளிகளையும் வைத்தேன். இரண்டும் அப்பாவின் கோட்டுக்குக் கீழே விழுந்தன. கையால் சேர்த்தபோது கோடு வளைந்து, பன்னிரண்டைத் தாண்டியதும் அப்பாவின் கோட்டை விட்டுச் செங்குத்தாக ஏறத் தொடங்கியது. ஒன்பதிலிருந்து கடந்த மணியை x என்று வைத்தால் தண்ணீர் (x² + x)-இல் பாதி; படி எப்போதும் இருபத்தெட்டு. இரண்டையும் சமன்படுத்தினால் x² + x − 56 = 0. ஏழு, அல்லது மைனஸ் எட்டு. மைனஸை அடித்துவிட்டு ஒன்பதோடு ஏழைக் கூட்டினேன். நாலு மணி. வாழ்க்கையில் முதல் தடவையாக, என் விடை தப்பாக இருக்கவேண்டும் என்று சாமியை வேண்டிக்கொண்டேன்.

"அண்ணா, போகாதீங்க. நாலு மணிக்கே உள்ள வந்துடும்."

"பாடப் புஸ்தகத்தைப் பாத்துகினா தண்ணி வருது?" என்று அப்பா சீறினார்.

ஜெரால்டு அண்ணன் இரண்டு கோடுகளையும் மாறி மாறிப் பார்த்தார். அடுத்த மணிக்கு அப்பா கணக்குப்படி இரண்டு விரல் ஏறவேண்டும், என் கணக்குப்படி நான்கு. ஒரு மணிக்கு அவரே இறங்கிப்போய் அளந்தார். திரும்பி வந்து, "நாலு சார்" என்று சொல்லி மழைக்கோட்டைக் கழற்றினார்.

அப்பாவை பிளாஸ்டிக் நாற்காலியில் உட்காரவைத்து மாடிக்கு ஏற்றினோம். நாலு மணிவாக்கில் படி மறைந்தது. இருட்டுவதற்குள், அவர் படுத்திருந்த மரக்கட்டில் மிதந்து சுவரில் முட்டும் சத்தம் மேலே கேட்டது. அதைக் கேட்டுக்கொண்டே அப்பா என் கையைப் பிடித்துக்கொண்டிருந்தார்.

இப்போதும் அதே வீட்டில்தான் இருக்கிறோம். தண்ணீர் தயங்கித் தேங்கி வந்த காலி மனைகளெல்லாம் அடுக்குமாடிகளாகிவிட்டன. அந்த மனைகள்தான் எனக்குப் புள்ளி வைக்க நேரம் கொடுத்தன என்பது அந்த வயதில் தெரியவில்லை. போன மழையில் பழக்கதோஷத்தில் கம்பத்தில் ஒரு கோடு கிழித்துவிட்டு, மணி பார்க்க உள்ளே போனேன். திரும்பி வந்தபோதே கோடு தண்ணீருக்குள் போயிருந்தது.