வாடாத குழை

அந்தச் சிறுபோக நெல் பருவத்தில் எங்கள் வாய்க்கால் பக்கத்தில் நாட்கள் ஒழுங்காக வருவதை விட்டுவிட்டன. நம்பாதவர்களோடு எனக்கு வாக்குவாதம் இல்லை. காலையில் உலையில் போட்ட அரிசி, மூடியைத் திறந்தபோது புளித்த பழஞ்சோறாக இருந்தது. சவரம் செய்துகொண்டு வயலில் இறங்கினால் வரம்பு முடிவதற்குள் மூன்று நாள் தாடி. பக்கத்துக் காணிக்காரருக்கு இரண்டு திங்கட்கிழமைகள் அடுத்தடுத்து வந்து, பிடுங்கிய புல்லையே மனுஷன் திரும்பப் பிடுங்கினார்.

யாரும் பெரிதாக அலட்டிக்கொள்ளவில்லை. காடு வெட்டிக் குடியேறியவர்களுக்கு யானையும் காய்ச்சலும் இருக்க, நாள் புரள்வது கடைசிக் கவலை. பக்கத்துக் காணிக்காரரும் நானும் தனி ஆட்கள். குடும்பங்கள் யாழ்ப்பாணத்தில் இருந்தன. பேச ஆளில்லாமல் நான் பானையோடு பேசிய காலம் அது.

தண்ணீர் முறை மட்டும் தவறக் கூடாது. புதன் அவருடையது, வியாழன் என்னுடையது. முறை முடிந்தவர் மதகுக் கட்டையில் இலையோடு ஒரு குழைக் கொப்பைக் கட்டிவிட்டுப் போவார். அவர் கட்டியது பச்சையாக இருந்தால் இன்று என் முறை. வாடிக் கிடந்தால் என் நாள் போய்விட்டது. கலண்டரில் நம்பிக்கை போனபிறகு குழையைத்தான் நம்பினோம்.

அப்போதுதான் மனைவியின் கடிதம் வந்தது. நான் காணி எடுத்ததே அவளுக்குப் பிடிக்கவில்லை. "வெள்ளிக்கிழமை பிள்ளையோடு வருகிறேன். மனம் பிடித்தால் நிற்பேன். இல்லையென்றால் இனி எங்களைக் கூப்பிடக் கூடாது" என்று எழுதியிருந்தாள். நான் கொட்டிலை மெழுகினேன். பிள்ளை உட்கார ஒரு சின்னக் கதிரை அடித்தேன். அது ஒரு பக்கம் ஆடியது. அதற்குக் கட்டை வைத்துச் சரிப்படுத்தினேன்.

ஒரு காலையில் மதகடியில் பார்த்தேன். குழை பச்சைப் பசேலென்று இருந்தது, முறித்த இடத்தில் பால்கூடக் காயவில்லை. இன்று வியாழன், நாளைக்கு அவள் வருவாள் என்று துள்ளாத குறையாக வயலுக்குத் தண்ணீர் கட்டினேன். மறுநாள் விடியவே குளித்து, சைக்கிளில் துணுக்காய் றோட்டுக்குப் போய் பஸ் நிற்கும் தேத்தண்ணிக் கடையில் காத்திருந்தேன். பஸ் வந்தது. அவள் இறங்கவில்லை.

கடைக்காரர் என்னை ஒரு மாதிரிப் பார்த்தார்.

"தம்பி, இண்டைக்குச் சனியெல்லே. உங்கடை மனிசி நேற்று வந்தவா. பின்னேரம் வரைக்கும் அந்த வாங்கிலை இருந்தவா. பிள்ளை அழுதுகொண்டே இருந்தது. பிறகு திரும்பிற பஸ்ஸிலை ஏறிப் போட்டா."

"இல்லை அண்ணை, நேற்று வியாழன்."

"உங்கடை வாய்க்கால் பக்கத்திலைதான் நாள் புரளுது. இஞ்சை றோட்டிலை எல்லாம் ஒழுங்கு."

வாங்குப் பலகையின் கீழே பிள்ளை தின்று துப்பிய பனங்கிழங்குத் தும்பு கிடந்தது. அதைப் பார்த்தபோது எனக்கு அழுகை வந்தது. கடைக்காரர் உள்ளே போய்விட்டார்.

திரும்பிவந்து பக்கத்துக் காணிக்காரரைப் பிடித்து ஏசினேன். "என்னை ஏன் ஏசுறியள்?" என்றார் அவர். "அந்தக் குழை நான் புதன்கிழமை கட்டினது. காஞ்சு கருகிக் கிடந்தது, திரும்பப் பச்சையாய்ப் போச்சு. நான் என்ன செய்ய?"

எல்லாவற்றையும் ஒன்றும் மறைக்காமல் அவளுக்கு எழுதினேன். நாள் புரள்வதை, குழை பச்சையானதை, நான் தண்ணீர் கட்டியதை எல்லாம். பொய் என்று திட்டுவாள் என்றுதான் நினைத்தேன். திட்டியிருந்தால் பதில் சொல்லியிருப்பேன்.

மழை தொடங்க, நாட்கள் பழையபடி ஒழுங்காக வந்தன. அவளுடைய பதிலும் வந்தது. நான்கு வரி.

"நீங்கள் எழுதியதை நம்புகிறேன். நாள் புரளுகிற இடம் என்று தெரிந்த மனுஷன் குழையைப் பார்த்துக்கொண்டு நிற்கமாட்டான். கடிதம் கிடைத்த அன்றே வந்து அந்த வாங்கில் இருந்திருப்பான். தண்ணீர் முறையை விட்டுவர உங்களுக்கு மனமில்லை."

அந்தப் போகம் நல்ல விளைச்சல். பக்கத்துக் காணிக்காரரே சொன்னார். அறுத்துக் குற்றிய முதல் அரிசியைச் சமைத்து, சின்னக் கதிரைக்கு முன்னால் உட்கார்ந்து சாப்பிட்டேன்.