மரீஸுக்கு வந்த கார்னேஷன் பூக்கள்

தெற்குப் பிரான்சின் ஸெத் துறைமுகத்து மீன் சந்தையில் இன்றைக்கும் ஒரு பேச்சு உண்டு. நடிகை மரீஸ் ஃபாப்ரெகா தொலைக்காட்சித் தயாரிப்பாளர் ஆனதே காதலால்தானாம். பாரீஸிலிருந்து வந்த இளவட்டத் தயாரிப்பாளன் கை கொள்ளாத பூ அனுப்பினானாம். அம்மாள் உருகிப்போய், மத்தியானமே அவன் அறைக்குள் நுழைந்து கதவைச் சாத்திக்கொண்டாளாம்.

பூ வந்தது நிஜம். கதவைச் சாத்தியதும் நிஜம். மிச்சத்தைச் சொல்லத் தகுதியானவள் படப்பிடிப்பில் உடைகளைப் பார்த்துக்கொள்ளும் ரெஜின். அந்தக் கதவில் காதை வைத்துக்கொண்டு நின்றவள் அவள்தான்.

மரீஸ் மீனவன் மகள். பத்தொன்பது வயதில் ஒரு நாடகக் குழுவின் ஓட்டை வேனில் ஏறி, பெஸியே, நார்போன் என்று ஊர் ஊராகச் சுற்றினாள். அப்புறம் பாரீஸ். அங்கே கிடைத்ததெல்லாம் வேலைக்காரி வேஷம். அவளைவிட அவள் கையிலிருந்த தட்டுதான் வெளிச்சத்தில் நன்றாகத் தெரியும் என்று ரெஜின் சொல்வாள். ஒரு சினிமாவில் பிணமாக நடித்தாள். அதிலும் மூன்றாவது பிணம். ஒரு பாலாடைக்கட்டி விளம்பரத்தில் சிரித்தாள். அந்தச் சிரிப்பைத்தான் அவள் அம்மா ஊரெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தாள்.

பிறகு ஸெத்தின் பழைய ஒயின் கிடங்கு ஒன்றில் தினத்தொடர் எடுக்க வந்தார்கள். காப்பிக்கடைக்காரி மதாம் பெர்த் வேஷம், இரண்டு நாள் வேலை. மரீஸ் காப்பி ஊற்றிய அழகைப் பார்த்து இன்னும் கொஞ்ச நாள் வரச் சொன்னார்கள். அப்படியே வருஷங்கள் ஓடின. ஐம்பதை எட்டிய நடிகைக்கு நிலையான வேலை என்பது அந்தத் தொழிலில் நல்ல புருஷன் அமைவதைவிடப் பெரிய பாக்கியம். அது போனால், திரும்பத் தட்டுத் தூக்கக்கூட யாரும் கூப்பிடமாட்டார்கள்.

அந்த நேரத்தில்தான் புதுத் தயாரிப்பாளன் ஒரேலியன் வந்து சேர்ந்தான். கணக்கும் வியாபாரமும் படித்தவன். நாடக வாசனையே கிடையாது. தளத்தில் 'கயிறு' என்ற சொல் அபசகுனம்; யாராவது அதை வாய்விட்டுச் சொன்னால் எல்லோருக்கும் அவர்தான் குடிக்க வாங்கித் தரவேண்டும் என்பது நடிகர்கள் வழக்கம். அவன் வந்த அன்றே, "அந்தக் கயித்தை ஓரமா போடுங்க" என்றான். மாலையில் மொத்தக் கூட்டமும் அவன் செலவில் குடித்து, அவன் அறியாமையைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தது.

அந்தக் கூட்டந்தான் மறுவாரம் புத்தியைக் கடன் கொடுத்துவிட்டு நின்றது. காலையில் ஒப்பனை அறைக்கு மரீஸ் பெயரில் பூங்கொத்து வந்தது. அத்தனையும் சிவப்புக் கார்னேஷன், கீழே ஒரேலியனின் கையெழுத்து. அந்தக் காலத்து நாடகக் கொட்டகை முதலாளிகள், வேலையில் வைத்துக்கொள்ளும் நடிகைக்கு ரோஜா அனுப்புவார்கள். கழற்றிவிடும் நடிகைக்குக் கார்னேஷன். மேடையில் வளர்ந்த எவருக்கும் அது தெரியும். முடி அலங்காரக்காரர் சீப்பைக் கீழே வைத்தார். மின்விளக்குக்காரர் தொப்பியைக் கழற்றினார்.

"வாயில சொல்லத் துப்பில்ல, பூவை அனுப்பறான் பாருடி" என்றாள் ரெஜின்.

மரீஸ் பவுடர் அப்பிய முகத்தோடு உட்கார்ந்திருந்தாள். "மதாம் பெர்த் எப்படிச் சாகப்போறாளாம்?"

"சாகடிக்கவா போறானுங்க? அத்தை வீட்டுக்குப் போயிட்டான்னு ஒரு வரியில முடிச்சிடுவானுங்க."

சாவுக்குக்கூட அழாமல் இருந்திருப்பாள். அத்தை வீடு என்றதும்தான் மரீஸுக்குப் பொறுக்கவில்லை. சாப்பாட்டு வேளையில் பூங்கொத்தைத் தூக்கிக்கொண்டு ஒரேலியன் அறைக்குள் போய்க் கதவைச் சாத்தினாள். பேய்க்கணவாய் அடைத்த அந்த ஊர்ப் பலகாரமான தியெலைக் கையில் வைத்துக் கடித்துக்கொண்டே ரெஜின் கதவோடு ஒட்டினாள்.

"இருங்க தம்பி, நான் பேசி முடிச்சிடறேன். என்னை அனுப்பறதுன்னா அனுப்புங்க. ஆனா இத்தனை வருஷமா மதாம் பெர்த் என்ன பேசியிருக்கா? 'என்ன சாப்பிடறீங்க'. ஊர் ரகசியம் பூரா அவ காதுல விழுது. அவளுக்குன்னு ஒரு ரகசியம் இருக்கக்கூடாதா?"

"என்ன ரகசியம், மேடம்?"

"காப்பிக்கடை எரியுது. ஊரே அழுவுது. கொளுத்தினது அவதான்."

"ஏன்?"

அவ்வளவுதான். அந்த 'ஏன்' என்ற கேள்விக்கு மரீஸ் எல்லா வேஷத்தையும் தானே போட்டுக் காட்டினாள். போலீஸ்காரன், பாதிரியார், பொறாமைக்காரத் தங்கை, நெருப்பின் சத்தம்கூட. வெளியே ரெஜின் கடிக்க மறந்து நின்றாள். எண்ணெய் முழங்கை வரை வழிந்தது.

கதை முடிந்தது. பிறகு ஒரேலியன் கேட்டான்:

"பிரமாதம். ஆனா உங்களை யாரு அனுப்பறா?"

"அப்ப இந்தப் பூ?"

"உங்க பிறந்தநாளுன்னு சொன்னாங்க. கடையில அதுதான் பாக்கி இருந்துச்சு. ஏன், வாசனை பிடிக்கலையா?"

நாற்காலி கிறீச்சிட்டது; மரீஸ் உட்கார்ந்திருக்க வேண்டும். அந்த இடத்தில் வேறு யாராக இருந்தாலும் நன்றி சொல்லிவிட்டுக் காப்பி ஊற்றப் போயிருப்பார்கள். அவள் எழுந்திருக்கவில்லை.

"சரி, இந்தத் தீக் கதையை யாரு எடுத்து நடத்தறது?" என்றான் அவன்.

"நான்தான். நீங்க கணக்கைப் பாருங்க. தெரியாததைத் தொடாதீங்க, குறிப்பா பூவை."

காப்பிக்கடை எரிந்த வாரம் மீன் சந்தையே வேலையை விட்டுவிட்டுத் தொலைக்காட்சி முன் உட்கார்ந்தது. மறுவருஷம் மரீஸ் இணைத் தயாரிப்பாளர். அதற்கடுத்து சொந்தமாக ஒரு நிறுவனம், மூன்று தொடர்கள். மூன்றிலும் ஐம்பது வயதுப் பெண்கள் ஏதாவது ஒரு வில்லங்கம் செய்துகொண்டே இருப்பார்கள்.

போன மாதம் இருவரும் மீன் வாங்கப் போனபோது, கடைக்காரி லுசெத் ரெஜினைப் பார்த்துக் கண்ணடித்துவிட்டு மரீஸிடம் கேட்டாள்: "நெஜத்தைச் சொல்லு. அந்தப் பூவுல மயங்கித்தானே உள்ள போன?"

மரீஸ் ஒரு மீனின் செவுளைத் தூக்கிப் பார்த்துக்கொண்டே சொன்னாள்:

"மயங்கவும் இல்ல, ஒரு மண்ணும் இல்ல. வேலை போச்சேன்னு பயத்துல போனேன். அவன் ரோஜா அனுப்பியிருந்தா இன்னிக்கும் காப்பிதான் ஊத்திக்கிட்டிருப்பேன்."