மூன்றாவது மாடி ஜன்னல்

நான் தொங்கிக்கொண்டிருந்தேன். மூன்றாவது மாடி ஜன்னல் விளிம்பில், விரல் நுனியில். கீழே கல் பாவிய தெரு. இது கட்டுக்கதை இல்லை. 1916 மார்ச் மாதம், லாஸ் ஏஞ்சலஸ் எடன்டேலில், ஒரு சிரிப்புப் படக் கம்பெனியில் எனக்கே நடந்தது. மணிக்கட்டில் தழும்பு இருக்கிறது.

காலை 10.17. கோட்டுக்குள் இடுப்பில் மெல்லிய கம்பி. அதன் மறுமுனை அறைக்குள், ஹார்லன் கையில். ஆறு வருட நண்பன். ஒரே அறை, ஒரே சோப்பு. ஜனவரியில் என்னை இந்த வேலையில் சேர்த்துவிட்டவனும் அவன்தான். நான் விழுவது போல உதற வேண்டும், அவன் பிடித்துக்கொள்வான்.

"காலை உதறுடா, கழுதை!" எதிர் மேடையிலிருந்து டைரக்டர் கத்தினார். ஊமைப் படம். எவ்வளவு கத்தினாலும் படத்தில் கேட்காது. கேமராக் கைப்பிடி சுற்றியது. டக்... டக்... டக்... அது நிற்கும்வரை நடிகனை யாரும் தொடக்கூடாது. எங்கள் வழக்கம். அலறினாலும் நடிப்பு என்றே நினைப்பார்கள்.

காதருகே ஒரு குரல்.

"விட்டுடுவான்... குழாயைப் பிடி."

பக்கத்துத் தகரக் குழாயைப் பிடித்தேன்.

மறுநொடி... இடுப்புக் கம்பி தொளதொளத்தது.

கீழே சிரிப்பு. மணிக்கட்டில் ரத்தம். டக்... டக்...

குழாய் வழியே எப்படியோ இறங்கினேன். ஹார்லன் ஓடி வந்தான்.

"கை வழுக்கிடுச்சுடா!"

"குழாயைப் பிடின்னு நீ சொன்னதாலதான் பிழைச்சேன்."

"நானா? நான் வாயே திறக்கலையே."

மாலை 4.40. படத்தைப் போட்டுப் பார்த்தோம். திரையில் நான் தொங்குகிறேன். மேலே, ஜன்னலில்... எங்கள் நடிகர்களைப் போல மாவு பூசிய ஒரு முகம். என்னுடைய அதே கட்டம் போட்ட கோட்டு.

அது என்னைப் பார்க்கவில்லை.

அறைக்குள் பார்த்தது.

ஹார்லனை.

பக்கத்து நாற்காலி கிறீச்சிட்டது. எழுந்து ஓடிய ஹார்லன் திரும்பவே இல்லை.

உடுப்புகளைக் கவனிக்கும் டோரா அக்காவிடம் கோட்டைக் கழற்றிக் கொடுத்தேன்.

"இது யாரோடது அக்கா?"

"லெஸ்டரோடது. போன நவம்பர்ல, அதே ஜன்னல்லேருந்து விழுந்து செத்தான். கேமரா நிக்கிற வரைக்கும் ஒருத்தரும் கிட்ட போகல."

"கம்பியைப் பிடிச்சது...?"

"உன் சிநேகிதன்தான். அவன் விழுந்ததை வெட்டாம படத்துலயே வெச்சுட்டாங்க."

அந்தப் படத்தை நான் பார்த்திருக்கிறேன். கிறிஸ்துமஸ் அன்று, இந்த வேலையில் சேர்வதற்குக் கொஞ்ச நாள் முன்பு. ஹார்லன்தான் டிக்கெட் எடுத்தான். லெஸ்டர் விழுந்தபோது வயிறு வலிக்கச் சிரித்தேன்.

ஹார்லன் திரையைப் பார்க்கவில்லை...

நான் சிரிப்பதையே பார்த்துக்கொண்டிருந்தான்.