யோகாக்காவும் பேசாப்படத்துப் பாக்கியமும்

செவ்வாய்க்கிழமை, காலை 7.40, தவறிய அழைப்புகள் மூன்று. மூன்றும் யோகாக்காவின் தம்பி சிவம் அண்ணரிடமிருந்து. திருப்பி எடுத்தேன். "அக்கா போயிட்டா, தம்பி. நித்திரையிலை." நாம் புலம்பெயர்ந்து வாழும் இந்த ஹவுகன்ஸ்டுவாவின் மண்டபத்தில் நமக்குப் பழைய படங்கள் போட்டுக்காட்டிய யோகாக்கா இனி இல்லை.

அவர் சொன்ன கதையை நீங்கள் எல்லோரும் கேட்டிருப்பீர்கள், சிரித்துமிருப்பீர்கள். அவருடைய அம்மாவின் சித்தி பாக்கியம், பேசாப்படக் காலத்தில், நட்சத்திரமாகும் ஆசையில் திருகோணமலையிலிருந்து மதராசுக்கு ஓடிப்போனாள். வீட்டார் உயிரோடிருந்தவளுக்கு முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிவரை சகல சடங்கும் செய்து முடித்தார்கள். பிறகு அந்தப் பெயரை ஒருவரும் சொல்லவில்லை. "அக்கா நல்லாக் கதை விடுறா" என்று சிவம் அண்ணரே சபையில் சொல்வார். நானும் நம்பவில்லை.

பழைய படச்சுருள்களை ஸ்கேன் செய்வது என் வேலை. அது தெரிந்ததும் யோகாக்கா என்னை வீட்டுக்குக் கூப்பிட்டு, அடுப்புக்கு மேல் தட்டிலிருந்து ஒரு பிஸ்கட் டின்னை இறக்கினார். உள்ளே ஒரு சுருள் துண்டு, ஐந்தே படச்சட்டங்கள்.

"அக்கா, இது பழைய நைட்ரேட் சுருள், பத்தினால் தண்ணி ஊத்தியும் அணையாது. அடுப்புக்கு மேலையோ வைக்கிறது?"

"இவ்வளவு காலமும் பத்தேல்லைத்தானே. பாக்கியத்துக்குப் பொறுமை கூட."

வெளிச்சத்தில் பிடித்தேன். பேசும்படமென்றால் ஓரத்தில் ஒலிப்பட்டை ஓடும். பொய்யைப் பிடித்துவிடலாம் என்றுதான் தேடினேன். பட்டை இல்லை. ஒரு பெண் கண்ணை உருட்டிக்கொண்டு நின்றாள்.

"பேசாப்படம்தான். ஆனால் இவதான் பாக்கியம் எண்டதுக்கு என்ன ஆதாரம்?"

"அம்மா இதைச் சாகுமட்டும் ஒளிச்சு வச்சிருந்தவ. பொய்யை ஆர் ஒளிப்பினம்?"

அது ஆதாரமில்லை என்றேன். அவர் கோபிக்கவில்லை. "ஒருக்கா இவளின்ரை பேரைச் சொல்லித் திரையிலை காட்டவேணும், தம்பி" என்று துண்டை என்னிடமே தந்துவிட்டார்.

செத்தவீட்டில் சிவம் அண்ணர் என்னை லிப்ட் பக்கம் தள்ளிக்கொண்டு போனார்.

"அந்தத் துண்டைத் தா. எரிச்சுவிடுவம். அக்காவின்ரை ஆசை அது."

"அவவின்ரை ஆசை அதைக் காட்டிறது, அண்ணை."

"செத்தவளைக் காட்டி என்ன காணப்போறியள்?"

"எந்தச் செத்தவள்? கதை எண்டு நீங்கள்தானே சொன்னனீங்கள்."

லிப்ட் வந்து திறந்து மூடியது. "இது எங்கட குடும்ப விஷயம்" என்றார். கதை என்றவரே பாக்கியத்தைக் குடும்பமென்று ஒப்புக்கொண்டுவிட்டார்.

யோகாக்காவிடமிருந்து எனக்கு மிஞ்சியவை அந்த ஐந்து சட்டங்களும், "பொய்யை ஆர் ஒளிப்பினம்?" என்ற அவருடைய கேள்வியும்.

இனிச் செய்யப்போவது:

1. துண்டை ஒருவருக்கும் கொடுக்கமாட்டேன்.
2. இந்தக் கிழமையே ஸ்கேன் செய்து முடிப்பேன்.
3. அக்காவின் அந்தியேட்டியன்று, சாப்பாட்டுக்கு முதல், மண்டபச் சுவரில் போடுவேன். "இவள் பாக்கியம்" என்பேன். இல்லையென்பவர் எழும்பி, அப்படியானால் இவள் யாரென்று சொல்லட்டும்.